ஆர்டர் வாங்கியாயிற்று, வேலை நடக்கவில்லை: நீலகிரிக்கும் பழனி மலைக்கும் ஒரு கன்டெம்ப்ட் வழிகாட்டி

ஹைகோர்ட் உத்தரவு போட்டு ஆறு மாதம் ஆகியும் தாலுகா ஆபீசில் கோப்பு அசையவில்லை. முன்சீஃப் கோர்ட் தடை கொடுத்த இடத்தில் ராத்திரியோடு ராத்திரியாக கான்கிரீட் போட்டுவிட்டார்கள். இரண்டுக்கும் வாயில் வருவது ஒரே பேச்சுதான்: "கன்டெம்ப்ட் போட்டுடலாம்." அதாவது நீதிமன்ற அவமதிப்பு மனு. போடலாம். ஆனால் இரண்டும் ஒரே வழி இல்லை, ஒரே கோர்ட்டும் இல்லை. தப்பான வாசலில் போய் நின்றால் ஒரு வருடம் அங்கேயே கழிந்துவிடும். அந்த ஒரு வருடம்தான் சட்டம் கொடுத்திருக்கும் மொத்தக் கெடுவும்.

1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் அவமதிப்பை இரண்டாகப் பிரிக்கிறது. கோர்ட்டை இழிவுபடுத்துவது, நீதி நடைமுறையில் குறுக்கிடுவது போன்றவை குற்றவியல் அவமதிப்பு. அது இங்கே நமக்கு வேண்டாம். கோர்ட் உத்தரவை வேண்டுமென்றே மீறுவதும், கோர்ட்டில் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவதும் உரிமையியல் அவமதிப்பு. சட்டத்தின் 2(பி) பிரிவு. கட்டடம், பட்டா, பாதை, சம்பளம், ஓய்வூதியம் என்று வருகிற கன்டெம்ப்ட் எல்லாம் இதில்தான் அடங்கும்.

முதலிலேயே ஒன்றைப் புரிந்துகொண்டால் பாதிச் செலவு மிச்சம். கன்டெம்ப்டில் உங்கள் நிலத்தின் நியாயத்தை யாரும் கேட்கப்போவதில்லை. அது மூல வழக்கோடு முடிந்த பேச்சு. இங்கே வழக்கு கோர்ட்டுக்கும் மீறியவருக்கும் இடையில். நீங்கள் தகவல் சொல்பவர், அவ்வளவுதான். ஆர்டரின் கடைசிப் பாரா, நகல் போய்ச் சேர்ந்த தேதி, கெடு முடிந்த தேதி, இந்த மூன்றும் பேசும். மற்றதெல்லாம் பேச்சுக்குத்தான்.

முதல் வேலை: கடைசிப் பாராவை வாய்விட்டுப் படிப்பது

பன்னிரண்டு பக்க ஆர்டரில் பதினோரு பக்கம் இரு தரப்பும் சொன்னது. நிறைவேற்ற வேண்டியது கடைசி ஒன்றிரண்டு பாராவில்தான் இருக்கும். அதில் யார், என்ன, எத்தனை நாளைக்குள் என்ற மூன்றையும் பென்சிலால் கோடிடுங்கள். கோடிட முடியாத ஆர்டரை வைத்துக்கொண்டு கன்டெம்ப்ட் போடுவது வீண்.

அதிகம் பேர் ஏமாறுவது இந்த வாசகத்தில்: "மனுதாரரின் மனுவைப் பரிசீலித்து, சட்டத்துக்கு உட்பட்டு, தகுதியின் அடிப்படையில், எட்டு வாரத்துக்குள் உத்தரவு பிறப்பிக்க வேண்டும்." இதில் பட்டா கொடு என்று எங்கேயும் சொல்லவில்லை. ஏதாவது ஒரு முடிவெடு என்றுதான் சொல்லியிருக்கிறது. தாசில்தார் எட்டாவது வாரத்தில் "நிராகரிக்கப்படுகிறது" என்று ஒரு பக்கம் எழுதிக் கையெழுத்துப் போட்டால் ஆர்டர் நிறைவேறிவிட்டது. அந்த நிராகரிப்பு எவ்வளவு தப்பாக இருந்தாலும் அது புது வழக்குக்கான காரணம், கன்டெம்ப்டுக்கு இல்லை. ஜே.எஸ்.பரிஹார் எதிர் கண்பத் துக்கர் வழக்கில் 1996-லேயே சுப்ரீம் கோர்ட் இதைத் தீர்த்துவிட்டது. கூடலூர் ஜன்ம நிலம் (பழைய ஜன்மி உடைமை), பிரிவு 17 நிலம் (ஜன்ம ஒழிப்புச் சட்டத்தின் அந்தப் பிரிவில் வரும் குத்தகை நிலம்) என்று இழுபடும் மனுக்களில் இப்படிப்பட்ட ஆர்டர்தான் பெரும்பாலும் கையில் இருக்கும். ரிட் (அரசுக்கு உத்தரவிடச் சொல்லி ஹைகோர்ட்டில் போடும் மனு) நடக்கும்போதே "பரிசீலிக்க" என்பதற்குப் பதில் "செய்து முடிக்க" என்று கேட்டிருக்க வேண்டும். ஆர்டர் வந்த பிறகு அதை மாற்ற கன்டெம்ப்ட் கோர்ட்டால் முடியாது. மூல உத்தரவின் நாலு மூலைக்குள்தான் அது நிற்கும்.

"தற்போதைய நிலை நீடிக்க வேண்டும்" என்ற ஆர்டர் வேறு வகைத் தலைவலி. அன்றைக்கு நிலை என்ன என்று ஆர்டரில் எழுதியிருக்காது. அதனால் ஆர்டர் சொன்ன அன்று சாயங்காலமே இடத்துக்குப் போய்ப் படம் எடுத்தவர்தான் பின்னால் பேச முடியும்.

ஆர்டரின் வாசகம் இரண்டு விதமாக அர்த்தப்பட்டால், தண்டனை விஷயம் என்பதால் எதிர்தரப்புக்குச் சாதகமான அர்த்தத்தைத்தான் கோர்ட் எடுக்கும். சந்தேகம் இருந்தால் கன்டெம்ப்டுக்கு முன்னால் அதே வழக்கில் தெளிவுரை மனு போடுங்கள்.

எந்த வாசல்?

ஹைகோர்ட் ரிட் உத்தரவை மீறினால் ஹைகோர்ட்டிலேயே கன்டெம்ப்ட் மனு. அரசியல் சாசனத்தின் 215-வது பிரிவு ஹைகோர்ட்டுக்கு அந்த அதிகாரத்தைத் தருகிறது. மலைக்காரர்களுக்கு இங்கே ஒரு பிரிவினை உண்டு. நீலகிரி மாவட்டம் சென்னை முதன்மை அமர்வுக்கு உட்பட்டது. கொடைக்கானலும் பழனியும் திண்டுக்கல் மாவட்டம் என்பதால், 2004 ஜூலையில் தொடங்கிய மதுரைக் கிளைக்கு உட்பட்டவை. எந்த அமர்வு ஆர்டர் போட்டதோ அங்கேதான் கன்டெம்ப்டும். பூம்பாறைக்காரர் வத்தலக்குண்டு வழியாக மதுரை போய் அன்றைக்கே திரும்பிவிடலாம். கோத்தகிரிக்காரர் மேட்டுப்பாளையம் இறங்கி நீலகிரி எக்ஸ்பிரஸ் பிடித்தால்தான் காலையில் சென்னை. செலவுக் கணக்கில் இதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

கீழ்க்கோர்ட் கொடுத்த இடைக்காலத் தடையை மீறினால் ஹைகோர்ட்டுக்கு ஓடாதீர்கள். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 39, விதி 2-ஏ அதற்கென்றே இருக்கிறது. தடை கொடுத்த முன்சீஃப் கோர்ட்டிலேயே, அதே அசல் வழக்கில் ஒரு ஐ.ஏ., அதாவது இடைக்கால மனு போட வேண்டும். மீறியவரின் சொத்தை ஜப்தி செய்யலாம், மூன்று மாதம் வரை சிவில் சிறையில் வைக்கலாம். ஜப்தி ஒரு வருடத்துக்கு மேல் நீடிக்காது. அதற்குப் பிறகும் மீறல் தொடர்ந்தால் சொத்தை விற்று உங்களுக்கு நஷ்ட ஈடு கொடுக்கக்கூட வழி உண்டு. சொல்லப்போனால், நிலத் தகராறில் ஹைகோர்ட் கன்டெம்ப்டைவிட இந்த விதிக்குப் பல் கூர்மை. அந்த மனுவின் உத்தரவு பிடிக்காவிட்டால் கட்டளை 43-இன் கீழ் அப்பீலும் உண்டு.

ஆனால் விதி 2-ஏ வழக்கு நடக்கும் காலத்துக்கு மட்டும். தீர்ப்பாகி டிகிரி (தீர்ப்பாணை) வந்துவிட்டால் அப்புறம் நிறைவேற்று மனுதான், அதாவது ஈ.பி. நிரந்தரத் தடை டிகிரியைக் கட்டளை 21, விதி 32-இன் கீழ் நிறைவேற்றலாம். அந்த விதியின் ஐந்தாம் உட்பிரிவில் ஒரு நல்ல வசதி இருக்கிறது: எதிரி செய்ய வேண்டியதைக் கோர்ட் வேறு ஆளை வைத்துச் செய்துவிட்டு, செலவை எதிரியிடம் வசூலிக்கும். டிகிரியை நிறைவேற்ற வழி இருக்கும்போது கன்டெம்ப்ட் போடாதே என்று கன்வர் சிங் சைனி வழக்கில் சுப்ரீம் கோர்ட் 2011-ல் சொல்லியிருக்கிறது. நிரந்தரத் தடை டிகிரிக்குக் காலக்கெடு இல்லை. "இடித்து அகற்று" மாதிரியான செயலுறுத்து டிகிரிக்கு மூன்றே வருடம். இது தெரியாமல் கன்டெம்ப்டில் அலைந்து மூன்று வருடத்தையும் தொலைப்பவர்கள் உண்டு.

ராஜி டிகிரி (இரு தரப்பும் சமாதானமாகி வாங்கியது) என்றால் உள்ளே என்ன இருக்கிறது என்று பாருங்கள். வெறும் ஒப்பந்த ஷரத்து என்றால் ஈ.பி. மனுதான் வழி. கோர்ட்டுக்குத் தனியாக உறுதிமொழி கொடுத்திருந்தால் கன்டெம்ப்டும் பேசலாம்.

வழக்கில் தரப்பாக இல்லாதவருக்கு? ஊட்டி, கொடைக்கானலுக்கு 2024 மே 7 முதல் இ-பாஸ் வந்தது ஹைகோர்ட் உத்தரவால். 2025 ஏப்ரல் 1 முதல் நீலகிரிக்கு வார நாளில் 6000, வார இறுதியில் 8000 வண்டி. கொடைக்கானலுக்கு 4000, 6000 என்று வரம்பும் வந்தது. வரம்பு மீறுகிறது என்று தோன்றினால் தனியாக ஒரு கன்டெம்ப்ட் போடுவதைவிட, அதே பொதுநல வழக்கில் இணைப்பு மனு போட்டு அந்த அமர்வின் கவனத்துக்குக் கொண்டுபோவதுதான் காரியம் ஆகிற வழி.

நகலைக் கொண்டுபோய்ச் சேர்ப்பது

"இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து எட்டு வாரத்துக்குள்" என்று ஆர்டரில் இருந்தால், நகல் போகாதவரை கடிகாரம் ஓடாது. "எங்களுக்கு நகலே வரவில்லை" என்று சொல்ல எதிர்தரப்புக்கு இடம் வைக்கக் கூடாது.

சான்றிட்ட நகல் கையில் வந்ததும் ஒரு முகப்புக் கடிதம் எழுதுங்கள். வழக்கு எண், ஆர்டர் தேதி, கடைசிப் பாராவின் வாசகம், கெடு முடியும் தேதி, இணைப்பு எத்தனை பக்கம். இதை இரண்டு வழியில் அனுப்புங்கள். ஒன்று நேரில்: அலுவலகத் தபால் பிரிவில் கொடுத்து, உங்கள் நகலில் சீல், தேதி, வாங்கியவர் சுருக்கொப்பம். இரண்டு, ஒப்புகையோடு ஸ்பீடு போஸ்ட். 2025-ல் பதிவுத் தபாலை ஸ்பீடு போஸ்டோடு இணைத்துவிட்டார்கள். ஆகவே கவுன்டரில் விநியோகச் சான்று வேண்டும் என்று கேட்டு வாங்குங்கள். தபால் தளத்தில் வரும் டிராக்கிங் பக்கத்தை அப்போதே பிரின்ட் எடுத்துவிடுங்கள். ஆறு மாதம் கழித்துத் தேடினால் அது இருக்கும் என்று நிச்சயம் இல்லை.

கீழ்க்கோர்ட்டில் எதிர்தரப்பு இல்லாமலே தடை வாங்கியிருந்தால் இன்னொரு கடமை உண்டு. கட்டளை 39, விதி 3-இன்படி மனு, பிரமாணப் பத்திரம், பிராது, ஆவணங்களின் நகலை உடனே எதிரிக்கு அனுப்பி, அன்றைக்கோ மறுநாளோ அதற்கான பிரமாணப் பத்திரத்தைக் கோர்ட்டில் போட வேண்டும். இது விடுபட்டிருந்தால் 2-ஏ மனுவில் எதிரி வக்கீலின் முதல் கேள்வியே அதுவாகத்தான் இருக்கும்.

ஒரு வருடக் கணக்கு

சட்டத்தின் 20-வது பிரிவு: அவமதிப்பு நடந்ததாகச் சொல்லப்படும் நாளிலிருந்து ஒரு வருடம். அதற்குள் மனுவைத் தாக்கல் செய்துவிட்டால் போதும், பிறகு கோர்ட் எப்போது நோட்டீஸ் கொடுத்தாலும் கெடு போகாது என்பது பல்லவ் சேத் வழக்கில் 2001-ல் சுப்ரீம் கோர்ட் சொன்னது.

கணக்கைப் போட்டுப் பார்ப்போம். ஆர்டர் 2025 பிப்ரவரி 3. நகல் ஆர்.டி.ஓ. அலுவலகத்தில் சேர்ந்தது பிப்ரவரி 24. எட்டு வாரம் என்றால் 56 நாள். ஏப்ரல் 21-உடன் முடிகிறது. அவமதிப்பு ஏப்ரல் 22-ல் தொடங்குகிறது. 2026 ஏப்ரல் 21-க்குள் மனு உள்ளே போயிருக்க வேண்டும். வாரம் வேறு, மாதம் வேறு: 12 வாரம் 84 நாள்தான், மூன்று மாதம் அதைவிட நீளம். இதில் தவறினால் கெடு முடியும் முன்பே மனு போட்டு, "இன்னும் நாள் இருக்கிறது" என்று திரும்பி வருவீர்கள்.

நினைவூட்டல் கடிதம் எத்தனை போட்டாலும் இந்த ஒரு வருடம் நீளாது. அதேபோல் எதிர்தரப்பு அப்பீல் போட்டிருக்கிறது, சீராய்வு போட்டிருக்கிறது என்று சொன்னால் நின்றுவிடாதீர்கள். தடை வாங்காத அப்பீல் தடை ஆகாது. அப்பீலோடு தடை மனுவும் போட்டு அது நிலுவையில் இருந்தால் மட்டும், அதை முதலில் கேட்கட்டும் என்று கன்டெம்ப்ட் கோர்ட் சற்றுக் காத்திருக்கும். அப்போதும் உங்கள் மனு நம்பராகி உள்ளே இருக்க வேண்டும்.

சுவாதீனத்தை ஒப்படைக்காமல் இருப்பது போன்றவை தொடர் மீறல், நாளுக்கு நாள் புதிது என்று வாதிடலாம். வாதிட இடம் இருப்பது வேறு, அதையே நம்பிப் பதினாலாம் மாதம் மனு போடுவது வேறு.

யார் பெயரைப் போடுவது

ரிட் மனுவில் "மாவட்ட ஆட்சியர், நீலகிரி" என்று பதவியைப் போட்டிருப்பீர்கள். கன்டெம்ப்டில் ஆளின் பெயர் வேண்டும். பதவி சிறைக்குப் போகாது, ஆள்தான் போவார். மலைக்கு வருகிற அதிகாரிகள் சீக்கிரம் மாறுகிறார்கள். ஆர்டர் வந்தபோது ஒருவர், கெடு முடிந்தபோது இன்னொருவர், இப்போது மூன்றாமவர். கெடு முடிந்த நாளில் நாற்காலியில் இருந்தவரும், இன்றைக்குச் செய்யக்கூடிய நிலையில் இருப்பவரும் போதும். தலைமைச் செயலர் வரை பட்டியல் போட்டால் பார்க்க மிடுக்காக இருக்கும். கோர்ட் முதல் நாளே பெயர்களை அடிக்கச் சொல்லும்.

பெயர் தெரியாவிட்டால் தகவல் உரிமை மனு. பத்து ரூபாய்க் கட்டணம், 30 நாளில் பதில். நாலு கேள்வி போதும்: இந்தத் தேதியிலிருந்து இந்தத் தேதி வரை இப்பதவியில் யார், ஆர்டர் நகல் எந்தத் தேதியில் பதிவானது, அதன் ந.க. எண் (கோப்பு எண்) என்ன, கோப்பின் இன்றைய நிலை என்ன. இரண்டாவது கேள்விக்கு வரும் பதில் "நகல் வரவில்லை" என்ற சாக்கை அடியோடு மூடிவிடும். இதைக் கெடு முடிந்த வாரமே போட்டுவிடுங்கள், பதினோராம் மாதம் வரை வைத்திருக்க வேண்டாம்.

தனியார் மீறினால் கட்டட உரிமையாளர் மட்டும்தானா? தடை இருப்பது தெரிந்தே கை கொடுத்தவரும், வழக்கில் தரப்பாக இல்லாவிட்டாலும், மாட்டலாம். ஆகவே பொக்லைன் உரிமையாளருக்கும் மேஸ்திரி கான்ட்ராக்டருக்கும் தடை உத்தரவின் நகலை ஒரு கடிதத்தோடு அனுப்பிவையுங்கள். பாதி வேலை அன்றைக்கே நின்றுவிடும்.

ஆதாரம்: சரிவில் எழும் ஒரு சுவர்

இது நிரூபிக்கிற விஷயம். கன்டெம்ப்ட் பாதி கிரிமினல் மாதிரி. சந்தேகத்தின் பலன் எதிரிக்கே. "கட்டிவிட்டார்" என்று சொன்னால் போதாது, எவ்வளவு கட்டினார் என்று காட்ட வேண்டும்.

குன்னூர்ப் பக்கம் ஒரு தேயிலைச் சரிவில், உங்கள் பாதையை மறித்து ஒரு சுவர் எழும்புகிறது என்று வைத்துக்கொள்வோம். தடை வந்த அன்றே போய் வரிசையை எண்ணுங்கள். "ஏழு வரிசை ஹாலோ பிளாக். வடக்கு மூலையில் இரண்டு பில்லர் கம்பி, கான்கிரீட் இல்லை. சாரம் கட்டவில்லை." நின்று படம் எடுத்த இடத்தைக் குறித்துவையுங்கள், ஒரு பாறையோ பாதையின் படிக்கட்டோ இருந்தால் நல்லது. படத்தின் ஓரத்தில் அசையாத ஒன்று வர வேண்டும்: சில்வர் ஓக் மரம், மின்கம்பம், பக்கத்து லைன் வீட்டின் தகரக் கூரை. மூன்று வாரம் கழித்து அதே பாறைமேல் நின்று, அதே மரம் அதே ஓரத்தில் வரும்படி எடுங்கள். இப்போது பதினொரு வரிசை. எட்டு அங்குல பிளாக் என்றால் நாலு வரிசையே 32 அங்குலம், இடைச் சாந்து தனி. இரண்டு படத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் நீதிபதிக்கு வேறு விளக்கம் தேவைப்படாது. அதற்குப் பதிலாக ஒருநாள் மேலிருந்து, ஒருநாள் கீழிருந்து எடுத்தால் மலைச்சரிவில் இரண்டடிச் சுவர் ஆறடியாகவும் தெரியும், ஆறடி இரண்டடியாகவும் தெரியும். எதிரி வக்கீல் அதைத்தான் பிடிப்பார்.

பனிமூட்டத்தில் எடுக்காதீர்கள். வெள்ளைத் திரைக்கு நடுவில் ஒரு நிழல்தான் பதியும். மூட்டம் விலகும்வரை நின்று எடுங்கள்.

படத்தை வாட்ஸ்அப்பில் வக்கீலுக்கு அனுப்பிவிட்டுப் போனில் அழித்துவிடுவது பெரிய பிழை. வாட்ஸ்அப்பில் போகும்போது படத்துக்குள் இருக்கும் தேதி, நேரம், இட விவரம் உதிர்ந்துவிடும். எடுத்த போனிலேயே மூலக் கோப்பு இருக்க வேண்டும். 2024 ஜூலை 1 முதல் பாரதிய சாக்ஷிய அதினியம் என்ற புதிய சாட்சியச் சட்டம் நடப்பில் இருக்கிறது. அதன் 63-வது பிரிவின்படி மின்னணு ஆதாரத்துக்குச் சான்றிதழ் இணைக்க வேண்டும். அதில் ஏ பகுதி நீங்கள் கொடுப்பது, பி பகுதி நிபுணர் கொடுப்பது. கோப்பின் ஹேஷ் மதிப்பையும் (கோப்பு மாறவில்லை என்று காட்டும் எண்-எழுத்துக் கோவை) எழுத வேண்டும். போனை மாற்றியவர்கள் இங்கேதான் திணறுகிறார்கள்.

முன்சீஃப் கோர்ட்டில் என்றால் கட்டளை 26, விதி 9-இன் கீழ் வக்கீல் கமிஷனர் கேளுங்கள், கூடவே சர்வேயர். எஃப்.எம்.பி. என்ற புல அளவை வரைபடத்தோடு அளந்து கமிஷனர் கொடுக்கும் அறிக்கைக்கு உங்கள் நூறு படம் ஈடாகாது. கமிஷனர் வருகிற தேதியை மழைக்கு முன் வாங்குங்கள். கூடலூர், பந்தலூர் பக்கம் ஜூன் முதல் ஆகஸ்ட் வரை. கோத்தகிரி, குன்னூர் பக்கம் அக்டோபர், நவம்பர். அந்த மாதங்களில் செயின் இழுத்து அளக்க ஆள் கிடைக்காது.

நோட்டீஸ், பிரமாணப் பத்திரம்

மனு போடும் முன் வக்கீல் நோட்டீஸ் அனுப்ப வேண்டும் என்று சட்டத்தில் இல்லை. ஆனால் அனுப்புங்கள், இரண்டு வாரம் கொடுத்து. "தெரியாது" என்ற பதிலை அது எடுத்துவிடும். நிறைய அலுவலகங்களில் கோப்பு நகர்வதே அந்தக் கடிதம் போன பிறகுதான்.

பிரமாணப் பத்திரம் ஆறேழு பாராவில் முடிய வேண்டும். நான் யார், எந்த ஆர்டர், எந்தத் தேதி, கடைசிப் பாராவின் வாசகம் அப்படியே, நகல் எந்தத் தேதியில் எப்படிச் சேர்ந்தது, கெடு எந்தத் தேதியில் முடிந்தது, இன்றுவரை என்ன நடக்கவில்லை, இது ஏன் வேண்டுமென்றே செய்தது. கடைசிப் பாராவில்தான் உழைப்பு தேவை. தெரியாமல் போனது, முடியாமல் போனது, அலட்சியத்தில் தாமதமானது, இவை அவமதிப்பு ஆகாது. நகல் கிடைத்தது, செய்ய வழி இருந்தது, நினைவூட்டியும் செய்யவில்லை என்று மூன்றையும் தேதியோடு அடுக்க வேண்டும். மூல வழக்கின் கதையைத் தாத்தா காலத்திலிருந்து எழுதுவது வேண்டாம்.

கூடவே டைப்செட், அதாவது ஆவணத் தொகுப்பு: சான்றிட்ட நகல், முகப்புக் கடிதம், ஒப்புகை, டிராக்கிங் பிரின்ட், தகவல் உரிமைப் பதில், நோட்டீஸ், படங்களும் சான்றிதழும், வக்காலத்து. கையெழுத்துப் போட மட்டும் சென்னைக்கோ மதுரைக்கோ போகத் தேவையில்லை. ஊரிலேயே ஒரு வக்கீல் முன் போட்டு அனுப்பலாம். ரெஜிஸ்ட்ரி குறை சொல்லித் திருப்பினால் குமாஸ்தாவிடம் திரும்பச் சமர்ப்பித்த தேதியைக் கேட்டுக்கொண்டே இருங்கள். கடைசி வாரத்தில் போட்ட மனுவுக்கு இதுதான் எமன்.

கோர்ட்டில் நடப்பது

முதல் நாள் அரசு பிளீடர் "தகவல் கேட்டுச் சொல்கிறேன்" என்று இரண்டு வாரம் கேட்பார். கிடைக்கும். அந்த இரண்டு வாரத்திலேயே ஆர்டர் நிறைவேறி அறிக்கை வருவதும் உண்டு. வராவிட்டால் நோட்டீஸ், நேரில் ஆஜராக அழைப்பு என்று ஏறும். முதல் தவணையிலேயே ஆட்சியரைக் கூண்டில் பார்க்கலாம் என்று எதிர்பார்க்காதீர்கள். அதிகாரிகளை எடுத்த எடுப்பில் நேரில் அழைக்காதீர்கள், தேவையென்றால் காணொலியில் முதலில் பாருங்கள் என்று சுப்ரீம் கோர்ட் 2024 ஜனவரி 3-ல் வழிமுறையே வகுத்துக் கொடுத்துவிட்டது.

பெரும்பாலான மனுக்கள் தண்டனை வரை போவதில்லை. "நிறைவேற்றியாயிற்று" என்ற அறிக்கையோடு முடித்துவைக்கப்படும். அந்தக் கடைசி நாளில்தான் கவனம் வேண்டும். அறிக்கையை அங்கேயே படித்துவிட்டுத் தலையாட்டாதீர்கள், ஒரு வாரம் கேளுங்கள். பட்டா மாற்ற உத்தரவு போட்டிருப்பார்கள், தமிழ்நிலம் இணையப் பதிவில் பெயர் ஏறியிருக்காது. பாதையைத் திறந்துவிட்டோம் என்பார்கள், கேட்டின் பூட்டு அப்படியே தொங்கும். சிட்டாவை இணையத்தில் எடுத்துப் பாருங்கள், இடத்துக்கு ஆள் அனுப்பிப் பாருங்கள். அரைகுறை என்றால் எது பாக்கி என்று ஆர்டரில் எழுத வையுங்கள். நிராகரிப்பு உத்தரவு என்றால் அதைத் தனியாக எதிர்க்கும் உரிமை உண்டு என்று பதிய வையுங்கள்.

தண்டனைக்கே போனால் 12-வது பிரிவு: ஆறு மாதம் வரை வெறுங்காவல், அல்லது 2000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். 1971-ல் போட்ட அந்த 2000 ரூபாய் அப்படியே இருக்கிறது. தண்டனையைவிட உங்களுக்குப் பயன்படுவது மீறிச் செய்ததைத் திரும்பப் பழையபடி ஆக்கச் சொல்லும் அதிகாரம். தடையை மீறிச் செய்ததைக் கோர்ட் தன் உள்ளார்ந்த அதிகாரத்தால் இல்லாததாக்கலாம் என்று செஞ்சுரி ஃப்ளவர் மில்ஸ் வழக்கில் மெட்ராஸ் ஹைகோர்ட்டின் முழு அமர்வு 1975-லேயே சொல்லியிருக்கிறது. மனுவின் வேண்டுகோளில் இதைக் கேட்க மறக்காதீர்கள்.

சிறைக்கெல்லாம் யார் போகிறார்கள் என்று கேட்பவர்களுக்கு நம் மலையிலிருந்தே ஒரு நூல் போகிறது. கூடலூர்க் காட்டில் மரம் வெட்டுவதை எதிர்த்து நிலம்பூர் கோவிலகத்து டி.என்.கோதவர்மன் திருமுல்பாட் 1995-ல் சுப்ரீம் கோர்ட்டில் போட்ட வழக்கு நாடு முழுக்க விரிந்தது. அதன் உத்தரவை மீறி மர அறுவை ஆலைகளுக்கு அனுமதி கொடுத்ததற்காக, மகாராஷ்டிர வனத்துறை அமைச்சராக இருந்தவருக்கும் முதன்மைச் செயலராக இருந்தவருக்கும் 2006 மே மாதம் தலா ஒரு மாதச் சிறை.

நோட்டீஸ் உங்கள் பெயருக்கு வந்தால்

முதலில் ஆர்டரை நிறைவேற்றுங்கள், பிறகு பதில் எழுதுங்கள். இந்த வரிசையை மாற்றினால் எவ்வளவு நல்ல வக்கீலும் காப்பாற்ற மாட்டார். ஆர்டர் தப்பு என்பது பதில் ஆகாது. தப்பென்றால் அப்பீலில் தடை வாங்கியிருக்க வேண்டும்.

உண்மையிலேயே முடியவில்லை என்றால் கெடு முடியும் முன்பே கால நீட்டிப்பு மனு. உதாரணமாக, மழைக்காலத்தில் சரிவின் தடுப்புச் சுவரை இடித்தால் மேலே இருக்கும் வீடு இறங்கிவிடும் என்று பொறியாளர் எழுதிக்கொடுத்தால் அது நல்ல காரணம். ஆனால் அதைக் கெடுவுக்குள் கோர்ட்டில் சொல்ல வேண்டும். கெடு முடிந்து, கன்டெம்ப்ட் நோட்டீஸும் வந்த பிறகு மழையைச் சொன்னால் அது சாக்காகத்தான் கேட்கும்.

மன்னிப்புக் கேட்பதானால் முதல் பிரமாணப் பத்திரத்திலேயே கேளுங்கள். உள்ளபடி கேட்ட மன்னிப்பு என்றால், நிபந்தனை கலந்தது என்ற ஒரே காரணத்துக்காக அதை நிராகரிக்கக் கூடாது என்று சட்டமே சொல்கிறது. அதற்காக "ஒருவேளை தவறு நடந்திருந்தால்" என்று ஆரம்பிக்க வேண்டியதில்லை. நீதிபதிகள் அந்த வாக்கியத்தை ஆயிரம் தடவை படித்தவர்கள். ஆஜராக வேண்டிய தேதியில் போகாவிட்டால் வாரன்ட் வரும். விலக்கு வேண்டுமென்றால் அதற்கு முன்கூட்டியே தனி மனு.

அப்பீல்

தண்டனை பெற்றவருக்கு 19-வது பிரிவில் உரிமையாகவே அப்பீல் உண்டு. தனி நீதிபதி தண்டித்தால் அதே ஹைகோர்ட்டின் இரு நீதிபதி அமர்வுக்கு, 30 நாளில். அமர்வே தண்டித்தால் சுப்ரீம் கோர்ட்டுக்கு, 60 நாளில். மனுவைத் தள்ளுபடி செய்தால் மனு போட்டவருக்கு இந்த அப்பீல் கிடையாது. சுப்ரீம் கோர்ட்டில் சிறப்பு அனுமதி மனு ஒன்றுதான் வழி. கன்டெம்ப்ட் நீதிபதி வரம்பைத் தாண்டி மூல வழக்கின் தகுதிக்குள் போய் ஏதாவது தீர்மானித்துவிட்டால் மட்டும், பாதிக்கப்பட்டவர் ஹைகோர்ட்டுக்கு உள்ளேயே அமர்வுக்கு அப்பீல் போகலாம் என்று மிட்னாபூர் கூட்டுறவு வங்கி வழக்கில் 2006-ல் தெளிவாக்கினார்கள்.

தண்டனை சொன்ன அன்றைக்கே உள்ளே போக வேண்டியிருக்குமோ என்று பயப்படுபவர்களுக்கு: அப்பீல் செய்யப்போகிறேன் என்று தண்டனை சொன்ன கோர்ட்டிடமே அப்போதே சொல்லித் திருப்திப்படுத்தினால், அந்தக் கோர்ட்டே தண்டனையை நிறுத்திவைக்கலாம், ஜாமீனும் கொடுக்கலாம். அதை வாயால் கேட்பதோடு நிற்காமல், தீர்ப்புத் தேதி தெரிந்த உடனேயே எழுத்தில் தயாராக வைத்திருக்க வேண்டும்.